எதிர் வீட்டு மோகினியும் இந்த வீட்டு யமன்பாவும்

டெக்சஸின் கேட்டி நகரத்தில் அக்டோபர் பிறந்துவிட்டால் ஹாலோவீன் பண்டிகைக்காக மக்கள் பேய்களைக் காரின் டிக்கியில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவருகிறார்கள். கடையில் பூசணிக்காய்க் குவியலுக்குப் பக்கத்திலேயே பேய்களும் அடுக்கியிருக்கும். பில் போடும் பெண் ஒரு முழு எலும்புக்கூட்டை ஸ்கேன் செய்துவிட்டு, "ஹேவ் எ கிரேட் டே" என்று சிரித்தபடி அதன் காலை மடக்கிப் பையில் திணிப்பாள். எங்கள் தெருவில் ஒரு வீட்டுப் புல்வெளியில் கூரை உயரத்துக்குக் காற்றடைத்த ஓர் எலும்புக்கூடு, தலையில் கௌபாய் தொப்பியோடு நிற்கும். நவம்பர் வந்ததும் காற்றைப் பிடுங்கி, சுருட்டி, அட்டிக் பரணில் ஏற்றிவிடுவார்கள். இந்த ஊருக்கு வந்த புதிதில் எனக்கு ஜீரணமாகாத விஷயம், இந்தப் பேய்களுக்கு எந்தக் குறையும் இல்லை என்பதுதான். யார் அது, எப்படிச் செத்தது, யார் மேல் கோபம் என்று ஒன்றும் கிடையாது. நம் பக்கத்தில் ஒரு பேய் புளியமரத்தில் இருக்கிறது என்றால் அதற்குப் பெயர் உண்டு, பிறந்த வீடு உண்டு, ஏமாற்றிய ஒருத்தன் உண்டு. பெரும்பாலும் அது பெண்ணாகவும் இருக்கும். உயிரோடு இருந்தவரை யாரும் காது கொடுத்துக் கேட்காத புகாரைச் செத்த பிறகாவது நடுரோட்டில் நிறுத்திச் சொல்கிற பெண்.

அப்படி ஒருத்தியைத்தான் அந்த அக்டோபரில் எதிர் வீட்டு மாடி ஜன்னலில் பார்த்தேன். ரொம்ப நாள் பூட்டிக் கிடந்த வீடு. சாயங்கால வெளிச்சத்தில் வெள்ளை உடையில் ஒரு பெண், இடுப்பு வரை விரித்துப்போட்ட கறுத்த கூந்தலோடு அசையாமல் நின்றாள். மறுநாளும் நின்றாள். என் கணவர் சரவணனைக் கூப்பிட்டேன்.

"ஏனுங்க, எதுத்த வீட்டு மாடியப் பாருங்க."

லேப்டாப்பிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "டெகரேஷனா இருக்கும். விடு."

"டெகரேஷன் தலைய துவட்டுமாங்க?"

கம்ப்யூட்டர் சயின்ஸ் படித்து, இங்கே பத்து வருடமாக வரி கட்டி, கிரீன் கார்டுக்குக் காத்துக்கொண்டிருக்கும் நான், அன்றைக்கு ஜன்னல் திரையை இழுத்து மூடினேன் என்பதை வெட்கத்தோடு பதிவு செய்கிறேன்.

அந்த வாரம் வெள்ளிக்கிழமை. எண்ணெய் தேய்த்துக் குளிக்கும் வழக்கத்தை நான் இங்கேயும் விடவில்லை. தலை முழுக்க எண்ணெய் வழிய, முகத்தில் மஞ்சள் பூசி, பழைய நைட்டியோடு இருந்தபோதுதான் வெளியே குப்பைத் தொட்டி நிற்பது ஞாபகம் வந்தது. உள்ளே எடுத்து வைக்காவிட்டால் குடியிருப்போர் அசோசியேஷனிலிருந்து ஈமெயில் வரும். தெருவில்தான் எப்போதும் ஆளே இருக்காதே என்று ஓடினேன். எதிரே தபால் பெட்டி அருகில் ஒரு பெண் நின்றிருந்தாள். என்னைப் பார்த்தவள் கையிலிருந்த பார்சலைப் போட்டுவிட்டு, கீச்சென்று ஒரு சத்தம் எழுப்பி, வீட்டுக்குள் ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

மறுநாள் காலை அழைப்பு மணி அடித்தது. அவள்தான். கையில் அழகாகத் துணி சுற்றிய ஒரு பெட்டி. இடுப்பு வரை குனிந்தாள். நானும் பதிலுக்குக் குனிந்தேன். அவள் மறுபடி குனிந்தாள். இது எங்கே முடியும் என்று தெரியாமல் கையைக் கூப்பி நிறுத்தினேன்.

"ஐ ஆம் ஹருமி. வெரி சாரி. நேற்று நான் நினைத்தேன்... நீங்கள் யமன்பா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. யமன் இவளுக்கு எப்படித் தெரியும்? தெரிந்தாலும் என்னைப் பார்த்து அப்படிச் சொல்லலாமா? அதுவும் கூடப் படித்தவள் மாதிரி "யமன்'பா" என்று! நான் விழிப்பதைப் பார்த்து அவசரமாகப் போனை எடுத்து ஒரு படம் காட்டினாள். மலை, காடு, நடுவில் தலைவிரி கோலமாகப் பல்லை இளித்துக்கொண்டு ஒரு கிழவி. யமன்பா என்றால் ஜப்பானில் மலைவாழ் சூனியக்காரியாம். வழி தப்பி வருகிறவர்களைச் சமைத்துத் தின்பவளாம். மஞ்சள் முகமும் வழியும் எண்ணெயுமாக நான் குப்பைத் தொட்டியை இழுத்துக்கொண்டு வந்தது, அவளுக்குச் சிறு வயதில் கேட்ட கதை நேரில் வந்தது போல இருந்திருக்கிறது.

கோபப்படுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. பிறகு நானும் உண்மையைச் சொன்னேன். மாடி ஜன்னலில் பார்த்த நாளிலிருந்து அவள் எனக்கு மோகினி என்றேன். "மோகினி அழகா?" என்று கேட்டாள். "உலக அழகி" என்றேன். "அப்படியென்றால் எனக்கு லாபம்" என்று வாயைக் கையால் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவள் வடக்கு ஜப்பானில் பனி கொட்டும் ஊர்க்காரி. கணவர் கென்ஜி எண்ணெய் நிறுவன வேலையாக மேற்கு டெக்சஸுக்கும் வீட்டுக்கும் அலைபவர். மாடியில் நின்றது குளித்துவிட்டுத் தலை காயவைக்கத்தான்.

அதிலிருந்து வெள்ளிக்கிழமை சாயங்காலங்கள் எங்களுடையவை. அவள் பச்சைத் தேநீர் கொண்டுவருவாள், நான் முறுக்கு எடுத்துவைப்பேன். நடுவில் எங்கள் மகள் யாழினி, பத்து வயது, தமிழில் கேட்டு இங்கிலீஷில் பதில் சொல்கிறவள், இரண்டு பக்கத்துக்கும் மொழிபெயர்ப்பாளர். ஹருமி பனிப்பெண்ணைப் பற்றிச் சொன்னாள். பனிப்புயலில் ஒரு மரம்வெட்டியின் உயிரை எடுக்க வந்தவள், அவன் இளமையைப் பார்த்து இரக்கப்பட்டு, என்னைப் பார்த்ததை யாரிடமும் சொல்லாதே என்று விட்டுவிட்டுப் போகிறாள். பிறகு சாதாரணப் பெண்ணாக வந்து அவனையே கட்டிக்கொண்டு பிள்ளைகளும் பெறுகிறாள். ஒருநாள் அவன் அந்தக் கதையை அவளிடமே உளறிவிடுகிறான். பிள்ளைகளுக்காக அவனைக் கொல்லாமல் விட்டு, புகையாகக் கரைந்து போகிறாள். "இந்த ஆம்பளைங்களுக்கு வாயை மூடிட்டு இருக்கவே வராதா?" என்றேன். யாழினி அதை மொழிபெயர்க்கத் தேவையே இருக்கவில்லை.

வாய் கிழிந்த பெண் ஒருத்தி முகமூடியோடு வருவாளாம். "நான் அழகாக இருக்கிறேனா?" என்று வழி மறித்துக் கேட்பாளாம். ஆமாம் என்றாலும் ஆபத்து, இல்லை என்றாலும் ஆபத்து. "சுமார்" என்று சொன்னால் அவள் குழம்பி நிற்கும்போது ஓடிவிடலாமாம். ஜப்பானில் உயிரைக் காப்பாற்றும் இந்தப் பதிலைத்தான் சரவணன் என் பட்டுப் புடவைகளுக்குச் சொல்லி, இங்கே உயிரைப் பணயம் வைக்கிறார் என்று விளக்கினேன்.

என் முறை வந்தபோது மோகினி வழியில் நின்று சுண்ணாம்பு கேட்பதைச் சொன்னேன். யாழினி யோசித்து, "ஷீ ஆஸ்க்ஸ் ஃபார் லைம்" என்றாள். ஹருமி வெகு நேரம் சிந்தித்தாள். பிறகு மிகுந்த மரியாதையோடு, "டெக்கீலாவுக்கா?" என்று கேட்டாள். இங்கே லைம் என்றால் டெக்கீலா மதுவோடு கடித்துக்கொள்ளும் எலுமிச்சை. வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு எல்லாவற்றையும் விளக்கி முடிப்பதற்குள் தேநீர் ஆறிப்போனது. ஆனாலும் ஒரு கையை நீட்டி எலுமிச்சை கேட்டு டெக்சஸ் சாலையோரம் நிற்கும் மோகினியை அதற்குப் பிறகு என்னால் மறக்க முடியவில்லை.

பிப்ரவரியில் ஒரு வெள்ளிக்கிழமை ஹருமி தேநீரைத் தொடவில்லை. வெந்நீர் மட்டும் கேட்டாள். எட்டு வருடமாகக் காத்திருந்து, இனி இல்லை என்று இரண்டு பேரும் பேசி முடித்துவிட்ட பிறகு வந்த பிள்ளை. நாற்பத்தொரு வயது. டாக்டர் ஜாக்கிரதை என்று சொல்லியிருந்தார். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். அவள் பிடியை விடவில்லை. அன்றிலிருந்து எங்கள் பேய்கள் எல்லாம் சாதுவாகிவிட்டன. தூங்கும்போது கழுத்து நீளும் பெண், வீட்டில் இருந்தால் அதிர்ஷ்டம் தரும் குட்டிப் பேய், திருமணத்துக்குப் போகும் நரிப்பெண்கள் என்று அவளும், முருங்கைமரத்தில் ஏறித் தவறி விழுந்த பேய் என்று நானும். "யூ போத் ஆர் கெட்டிங் போரிங்" என்றாள் யாழினி.

ஜூலை மாதம். பள்ளி விடுமுறை. சரவணன் அலுவலக வேலையாக ரவுண்ட் ராக் என்ற வெளியூருக்குப் போயிருந்தார், கென்ஜி மேற்கே போயிருந்தார். மதியம் சாப்பிட்டுக் கை கழுவும்போது போன். "கவிதா-சான்," என்றது ஹருமியின் குரல். 'சான்' என்பது நம் 'ங்க' மாதிரி, எவ்வளவு நெருங்கினாலும் அவள் அதை விட்டதில்லை. "வாட்டர்," என்றாள்.

பைப் வேலைக்காகத் தெருவில் தண்ணீர் வராது என்று நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். "என்கிட்ட நெறைய இருக்கு, கொண்டு வர்றேன்" என்று சொல்லிவிட்டு, ஒரு கேஸ் தண்ணீர் பாட்டிலைத் தூக்கிக்கொண்டு தெருவைக் கடந்தேன். கதவைத் திறந்தவள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். காலடியில் தரை நனைந்திருந்தது. அவள் சொன்னது பனிக்குடத் தண்ணீர். பாட்டில்களையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தேன். அந்த வலியிலும் அவள், "தேங்க் யூ" என்றாள்.

ஆம்புலன்ஸ் கூப்பிடலாமா என்றால் வேண்டாம், டாக்டரிடம் பேசிவிட்டேன், உடனே வரச் சொன்னார் என்றாள். மருத்துவமனை ஹூஸ்டனுக்குள், நகரத்தின் அந்தக் கோடியில். இங்கே ஒன்று சொல்ல வேண்டும். நான் கார் ஓட்டுவேன், ஆனால் சிக்னலே இல்லாமல் வண்டிகள் பறக்கும் ஃப்ரீவேயில் ஏற மாட்டேன். எங்கே போனாலும் பக்கத்துச் சாலையிலேயே, ஒவ்வொரு சிக்னலாக நின்று நின்றுதான் போவேன். அன்றைக்கு முன்சீட்டைச் சாய்த்து ஹருமியை உட்கார வைத்து, பின்சீட்டில் யாழினியை ஏற்றி, ஈரோட்டில் இருக்கும் எல்லா மாரியம்மனையும் கூப்பிட்டுக்கொண்டு ஃப்ரீவேயில் ஏறினேன். ஏறின உடனே வண்டிகள் நெரிந்து நின்றன.

"அம்மா, தே ஆர் கெட்டிங் க்ளோசர்!" வலி வரும் நேரத்தைப் போனில் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள் யாழினி.

ஹருமி பற்களைக் கடித்துக்கொண்டு, "கதை. ப்ளீஸ்" என்றாள்.

பிரசவ வலியில் இருப்பவளுக்கு என்ன கதை சொல்வது? மனதுக்கு வந்த ஒரே கதை, சொல்லக்கூடாத கதை. அதைத் தள்ளிவிட்டு, வாய்க்கு வந்ததை ஆரம்பித்தேன். "ஒரு மோகினி. டெக்சஸ் மோகினி. ஃப்ரீவே ஓரமா நிக்குறா. ஒருத்தன் தனியா ட்ரைவ் பண்ணிட்டு வர்றான். நிறுத்தறான். ஏன்?"

"அழகாக இருக்கிறாள்," என்றாள் ஹருமி மூச்சிரைக்க.

"இல்ல. ரெண்டு பேர் இருந்தாத்தான் எச்.ஓ.வி லேன்ல வேகமாப் போகலாம்."

பின்சீட்டிலிருந்து யாழினி, "டஸ் எ கோஸ்ட் கவுன்ட் அஸ் எ பர்சன்?" என்றாள். ஹருமிக்குச் சிரிப்பு வந்தது, கூடவே வலியும் வந்தது. சிரித்துக்கொண்டே அலறினாள். அப்போதுதான் எனக்கே உறைத்தது: நாங்கள் மூன்று பேர் இருக்கிறோம், நாலாவதும் வந்துகொண்டிருக்கிறது. இண்டிகேட்டரைப் போட்டு எச்.ஓ.வி லேனில் புகுந்தேன். வாழ்நாளில் ஓட்டாத வேகத்தில் ஓட்டினேன்.

குழந்தை அன்று மாலையே பிறந்தது. பெண். குறைமாதம் என்றாலும் நல்ல குரல். கென்ஜி விமானம் பிடித்து வந்து சேர்ந்தார். காரிடாரில் என்னைப் பார்த்துக் குனிந்தவர் வெகு நேரம் நிமிரவே இல்லை.

மறுநாள் மதியம் போனேன். ஹருமி குழந்தையை என் கையில் கொடுத்துவிட்டு, என் முகத்தையே உற்றுப் பார்த்தாள்.

"கனமாக இருக்கிறதா?"

"கனமா? பஞ்சு மாதிரி இருக்கா."

"நிஜமாக? இப்போது? கனம் ஏறவில்லையே?"

இல்லை என்றேன். பொலபொலவென்று அழுதாள், பிறகு சிரித்தாள். உபுமே என்று ஒரு பெண்ணாம். பிரசவத்தில் செத்தவள். குழந்தையைக் கையில் ஏந்தி ஆற்றோரம் நின்று, வருகிறவர்களிடம் கொஞ்சம் பிடித்துக்கொள்ளுங்கள் என்று கொடுப்பாளாம். வாங்கியவர் கையில் குழந்தை கனத்துக்கொண்டே போய்க் கல்லாகிவிடுமாம். கீழே போடாமல் தாங்குகிறவருக்குப் பெரிய பலம் கிடைக்குமாம். "தினமும் அவளைக் கனவில் பார்த்தேன். அவளுக்கு என் முகம். உங்களிடம் சொன்னால் உண்மையாகிவிடும் என்று சொல்லவில்லை" என்றாள்.

காரில் நான் தள்ளிவிட்ட கதையும் அப்படி ஒருத்தியுடையதுதான். எங்கள் பக்கம் வயிற்றில் பிள்ளையோடு ஒரு பெண் செத்துப்போனால், பாதையோரம் அவள் பெயரில் சுமைதாங்கி வைப்பார்கள். இரண்டு கல்லை நட்டு மேலே ஒரு கல்லைக் கிடத்தியிருக்கும். தலைச்சுமையோடு வருகிறவர்கள் அதில் இறக்கி வைத்து மூச்சு வாங்கிக்கொள்வார்கள். அவள் இறக்கி வைக்க முடியாமல் போன பாரம் அப்படியாவது இறங்கட்டும் என்று. தயங்கித் தயங்கிச் சொல்லி முடித்தேன்.

ஹருமி குழந்தையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். "எங்கள் ஊரில் அவள் கனத்தைக் கொடுக்கிறாள். உங்கள் ஊரில் வாங்கிக்கொள்கிறாள்," என்றாள். பிறகு, "உங்களுடையது நல்ல பேய்," என்றாள். இத்தனை மாதம் இரண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் ஒரே பெண்ணை ஒளித்து வைத்திருந்தோம். குழந்தை கொட்டாவி விட்டது.

ஒரு மாதம் கழிந்ததும் குழந்தையை ஆலயத்துக்கு எடுத்துப் போவது அவர்கள் வழக்கமாம். அவர்கள் முறைப்படியான ஆலயம் பக்கத்தில் எங்கும் இல்லை. "உங்கள் கடவுள் பெண்தானே?" என்று கேட்டாள் ஹருமி. ஆகஸ்ட் வெயிலில் எல்லோரும் பேர்லேண்டில் இருக்கும் அம்மன் கோவிலுக்குப் போனோம். வாகன நிறுத்தத்தில் ஹருமி என் குங்குமச் சிமிழை வாங்கி, குழந்தையின் நெற்றியில் சிவப்பாக ஓர் எழுத்து எழுதினாள். தீயது எதுவும் அண்டாமல் இருக்க எழுதுவதாம். நான் என் பங்குக்குக் கன்னத்தில் மையால் ஒரு திருஷ்டிப் பொட்டு வைத்தேன்.

உள்ளே பிரசாத வரிசையில் ஓர் ஆன்ட்டி எட்டிப் பார்த்தார். "என்னம்மா இது, நெத்தியில என்னமோ எழுதிருக்கு?"

"ஜப்பான் எழுத்து ஆன்ட்டி. நாய்னு அர்த்தம். நாய்க்குப் பிரசவம் சுலபம், குட்டிங்கள நல்லா காப்பாத்தும்னு..."

"நாயா!" என்று இரண்டு கன்னத்திலும் போட்டுக்கொண்டவர், கறுப்புப் பொட்டைப் பார்த்துச் சமாதானமானார். "சரி, கொழந்த எந்த ஊரு?"

கென்ஜி, "ஜப்பான்" என்றார். அதே நேரத்தில் யாழினி, "டெக்சஸ்!" என்றாள். நானும் கூடவே, "நம்ம ஊருதான் ஆன்ட்டி" என்றேன். சொன்ன பிறகுதான், எந்த ஊரை நினைத்துச் சொன்னேன் என்று யோசித்தேன். எனக்குத் தெரியவில்லை. ஆன்ட்டிக்கு அது போதுமானதாக இருந்தது. "அப்படிச் சொல்லு" என்று ஹருமியின் கையில் இன்னொரு கரண்டி புளியோதரையை வைக்கச் சொன்னார். வெளியே வெயிலில் குழந்தைக்கு வியர்த்தது. நெற்றிச் சிவப்பு மெல்ல இறங்கிக் கன்னத்துக் கறுப்போடு கலக்க ஆரம்பித்தது. துடைக்கலாமா என்பது போல ஹருமி என்னைப் பார்த்தாள், நான் அவளைப் பார்த்தேன். இரண்டு பேருமே துடைக்கவில்லை.