பச்சை முதலா, ஆரஞ்சு முதலா

கேபிளின் நீல உறையை உரித்ததும், உள்ளிருந்து எட்டிப் பார்க்கும் வண்ண வண்ணமான எட்டு மெல்லிய கம்பிகளைத் தொடுமுன், மலை இருக்கும் திசையைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுக்கொள்வாள் சிவசங்கரி. ஜன்னலில்லாத அறையென்றாலும் திசை தவறாது.

பிறகுதான் வேலை. திருப்பதியில் புதிதாக எழும்பும் ஆபீஸ் கட்டடங்களில், கம்ப்யூட்டருக்காகச் சுவரோரம் வைக்கிற சாக்கெட்டுகளை மாட்டுகிறவள் அவள். கம்பிகள் இரண்டிரண்டாக முறுக்கிக்கொண்டு வரும். நெல்லளவுக்கு மேல் பிரிக்கமாட்டாள். "ரொம்பப் பிரிச்சு உட்டா ஒருத்தன் பேசறது இன்னொருத்தன் காதுல உழும், பஸ் ஸ்டாண்டு மாதிரி" என்பாள். வெட்டிய துணுக்குகளை முந்தானையில் முடிந்துகொள்வாள். யார் காலிலும் குத்திவிடக்கூடாதாம்.

பெங்களூரில் கம்ப்யூட்டர் கம்பெனிகள் பெருகிய வருஷங்களில் அங்கே போனவன் புருஷன் தேவேந்திரன். அங்கும் இதே வேலைதான். அவள் இருந்த நாகலாபுரத்து வீட்டுக்கு எப்போதாவது வந்து தலையைக் காட்டிவிட்டுப் போவான். இந்தக் கட்டடத்தில் இருவருக்கும் சேர்ந்தாற்போல வேலை கிடைக்கவே, கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் முதல்முறையாக ஒரே கூரைக்குக் கீழ் சமைத்துச் சாப்பிடுகிறார்கள். கம்பிகளின் சுவர்ப்பக்க முனை அவளுக்கு. எல்லாம் போய்ச் சேரும் கீழ்த்தளத்து இரும்பு அலமாரி அவனுக்கு.

நேற்று சோதனை. மெஷினை வைத்துப் பார்த்தால் ஒன்றுகூடத் தேறவில்லை. அவள் ஆரஞ்சை முதலில் வைத்திருக்கிறாள், அவன் பச்சையை. விதிப்படி இரண்டு வரிசையும் செல்லும். ஆனால் ஒரு கேபிளின் இரண்டு முனையிலும் ஒரே வரிசை இருந்தாக வேண்டும்.

"பெங்களூர்ல பச்சதாம்மே!"

"இங்க ஆரஞ்சுய்யா. கூடவே துன்னு கூடவே தூங்கிக்கினு கீறியே, ஒரு வார்த்த கேட்டியா?"

"நீ கேட்டியா?"

சூப்பர்வைசர் நாகேந்திரன் தலையிலடித்துக்கொண்டார். "ஏமய்யா, நாளைக்கு ஓபனிங். இருட்டறதுக்குள்ள மாத்தலன்னா வேற ஆள வரச்சொல்லிடுவேன். நீ பெங்களூருக்கே பஸ் ஏறு."

தேவேந்திரன் அலமாரிப் பக்கம் திரும்பிக் கம்பி வெட்டும் கட்டரை எடுத்தான். சிவசங்கரி அவன் கையைப் பிடித்தாள். அழகாயிருக்கட்டும் என்று கம்பிகளை விறைப்பாக இழுத்துக் கட்டியிருந்தான். அங்கே வெட்டினால் எட்டாது. நடுவில் ஒட்டுப்போடவும் கூடாது. சுவர்ப்பக்கத்தில்தான் ஒரு சாண் மிச்சமிருந்தது.

"கஞ்சப் பிசினாரி, அத்தத் தொடாத. போய் டீ வாங்கிக்கினு வா."

மேலே ஏறினாள். முதல் சாக்கெட்டைக் கழற்றி, தான் ஆசையாகப் போட்டு முடித்திருந்த முனையை ஒரே வெட்டாக வெட்டினாள். பச்சைக் கம்பியை விரலால் நீவி, முதலில் வைத்தாள்.