முனியாண்டிக்குக் கிடைத்த கிராண்

பழம் வாங்கப் போன இடத்தில்தான் அவரைச் சந்தித்தேன். பீடோர் டவுனுக்கு வெளியே, காட்டோரமாக ஒரு கொய்யாத் தோட்டம். ரப்பர் பூட்ஸ், பித்தான் போன சட்டை, காதில் செருகிய சுருட்டு. தான் வேலை பார்த்த எஸ்டேட்டை முதலாளி விற்று ஆட்களை வெளியேற்றியபோது, பக்கத்துக் காட்டைத் திருத்திக் கொய்யா போட்டவர். காவலுக்கு ஒரு மரத்தடியில் அரிவாள் ஓங்கிய முனியாண்டி சிலையையும் வைத்தாராம். பின்னாளில் அரசாங்கம் அந்தக் காட்டை ஒரு கம்பெனிக்குக் கொடுத்துவிட, இவர் கோர்ட்டுக்குப் போனார்.

“கேஸு என்னாச்சுண்ணே?”

“தோத்தாச்சு. நாங்க அத்துமீறி உள்ள வந்தவங்களாம். இந்தக் காய்ப்பு முடிஞ்சதும் காலி பண்ணணும்.”

“கோயிலு?”

“அத ஒடைச்சா ஓட்டு போயிரும்லா. அந்தத் துண்டு நெலத்துக்கு மட்டும் கோயில் பேர்ல கிராண் போட்டு, பட்டாவே குடுத்துட்டானுங்க.”

“அப்ப நீங்க?”

“கோயில் கமிட்டி என்னைய ஜாகாவா, காவக்காரனா வச்சிருக்கு. என் நெலத்துக்குக் காவலா இவரக் கொண்டாந்து வச்சேன். இப்ப இவருக்கு நான் காவலு.”

சிரிக்கவில்லை. சுருட்டைப் பற்றவைத்தார். ஒரே இழுப்பு. உடனே எடுத்துச் சாமி முன்னால் வைத்துவிட்டார்.

“முன்னெல்லாம் பாதியக் குடிச்சிட்டுத்தான் வைப்பேன். இப்ப ஓனரு ஆயிட்டாருலா.”

பழப் பையோடு கிளம்பும்போது திரும்பிப் பார்த்தேன். புது நிலக்காரர் அரிவாளை ஓங்கியபடி கொய்யா மரங்களை முறைத்துக்கொண்டிருந்தார். அத்துமீறி நிற்பவை இப்போது அவைதானே.