பதினொன்றாம் நம்பர் நிறம்

மேக்கப் கவுன்ட்டர் வேலை என்பது நாள் முழுக்க நின்றுகொண்டு, சிரித்த முகத்தோடு பொய் சொல்கிற வேலை. உட்கார ஸ்டூல் தராத கடைகளில் நின்று நின்று கால் வீங்கிய சகோதரிகளே, உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். கோயமுத்தூர் சரவணம்பட்டியில் ஒரு பெரிய கடையில் நான் ஃபவுண்டேஷன் விற்கிறேன். முகத்தில் பூசும் அந்தக் கிரீமில் நான் சேர்ந்தபோது எட்டு நிறம் இருந்தது. ஒன்றாம் நம்பர் பால் வெளுப்பு, எட்டாம் நம்பர் மாநிறம். அதற்கு மேலும் கறுப்பாக மனிதர்கள் இருப்பதாகக் கம்பெனி காட்டிக்கொள்ளவில்லை.

ஸ்கார்ஃப்

நான் சிங்காநல்லூர்க்காரி. நல்ல கறுப்பு. முதல் நாள், கவுன்ட்டர் பொறுப்பாளர் மாலதி அக்கா என் முகத்தில் நாலாம் நம்பரை அப்பினார். கண்ணாடியில் பார்த்தால் முகம் ஒருத்தியுடையது, கழுத்து வேறொருத்தியுடையது. எனக்கு அழுகை வந்துவிட்டது. இதோடு எப்படி வெளியே போய் நிற்பது என்று கேட்டேன். அவர் கோபப்படவில்லை. யூனிஃபார்மோடு தந்த ஸ்கார்ஃபை எடுத்துத் தாடைவரை சுற்றிவிட்டுச் சொன்னார்:

“இதை அழகுக்குக் குடுத்திருக்காங்கன்னா நெனச்சே கண்ணு?”

நேர்மையாக ஒரு நாள்

யாருக்கும் அவரவர் நிறத்தைத் தரக் கூடாது, இரண்டு நம்பர் வெளுப்பாகத் தர வேண்டும் என்பது எங்கள் தொழில் ரகசியம். பயிற்சி வகுப்பில் இதைச் சொல்ல மாட்டார்கள். பக்கத்தில் நிற்பவளைப் பார்த்துத் தானாக வந்துவிடும்.

எனக்கு வர ஒரு வாரம் ஆனது. கோபிசெட்டிபாளையத்திலிருந்து வந்திருந்த ஒரு அம்மாவுக்குத் தாடையில் மூன்று வேறு வேறு நம்பர்களைத் தொட்டுவைத்துப் பார்த்து, சரியாக எட்டாம் நம்பரைப் பூசினேன். பூசியதே தெரியவில்லை. அதுதான் சரியான நிறத்துக்கு அடையாளம் என்று பெருமையோடு கண்ணாடியை நீட்டினேன். அந்த அம்மா இப்படியும் அப்படியும் முகத்தைத் திருப்பிப் பார்த்தார். முகம் வாடிப்போனது. திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை, மெதுவாகத்தான் கேட்டார்:

“ஏனுங்க அம்மணி, இந்த நெறத்துக்கு நான் எதுக்குங்க காசு குடுக்கோணும்? இது எங்கிட்டயே இருக்குதுங்களே.”

போஸ்டர் வந்தது

போன வருஷம் கம்பெனிக்கு ஞானம் பிறந்தது. எல்லா நிறமும் அழகு என்று ஒரு கறுப்புப் பெண்ணின் போஸ்டர் வந்தது. கூடவே ஒன்பதிலிருந்து பன்னிரண்டு வரை புது நம்பர்கள். பதினொன்றாம் நம்பர் சாம்பிளை எடுத்துக்கொண்டு பாத்ரூமுக்குப் போய் என் முகத்தில் பூசிப் பார்த்தேன். முகமும் கழுத்தும் ஒன்றாக இருந்தன. இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக என்னை நான் மேக்கப்போடு பார்த்தேன். சந்தோஷத்தில் கொஞ்ச நேரம் வெளியே வரவில்லை. பிறகு கழுவிவிட்டு, நாலாம் நம்பரைப் பூசிக்கொண்டு வந்து நின்றேன்.

அடுத்த மாதம் சுகன்யா என்றொரு பெண் தன் அம்மாவோடு வந்தாள். பக்கத்து ஐ.டி. கம்பெனியில் வேலை. கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. அக்காவின் கல்யாண ஆல்பத்தில் முகம் வெள்ளையாகவும் கை கறுப்பாகவும் இருப்பதை இன்றைக்கும் சொந்தக்காரர்கள் சொல்லிச் சிரிக்கிறார்களாம். தன் போட்டோவில் தான் தானாகவே இருக்க வேண்டும் என்றாள். போஸ்டரைப் பார்த்துத்தான் வந்ததாகச் சொல்லி, அந்தப் புது நிறத்தைக் கேட்டாள். அவளுக்கும் பதினொன்றுதான் என்று பார்த்தவுடன் தெரிந்தது. அவள் அம்மா என்னைத் தனியே இழுத்து, அன்றைக்கு ஒரு நாளாவது பெண் கொஞ்சம் வெளுப்பாகத் தெரியட்டும் என்று கெஞ்சினார்.

என் கை பழக்கதோஷத்தில் ஒன்பதாம் நம்பருக்குப் போனது. பதினொன்று உங்களுக்குப் படியாது என்று வாய் கூசாமல் சொன்னேன். சுகன்யா கண்ணாடியைப் பார்த்தாள், பிறகு என் கையைப் பார்த்தாள்.

“நீங்க சொன்னாச் சரியாத்தான் இருக்குமுங்க அக்கா. உங்க கையும் என் கையும் ஒரே நெறந்தானுங்களே.”

திரும்பிப் போன பெட்டி

மூன்று மாதம் கழித்து ஏரியா மேனேஜர் வந்தார். பத்து, பதினொன்று, பன்னிரண்டு ஒன்றுகூட நகரவில்லை. நகராது. வந்த கறுப்புப் பெண்கள் எல்லோருக்கும் நான்தானே எட்டும் ஒன்பதும் தந்துகொண்டிருந்தேன். இந்த வட்டாரத்தில் இந்த நிறங்களுக்குத் தேவையில்லை என்று அறிக்கை எழுதி, மாலதி அக்கா லீவில் இருந்ததால் என்னிடம் கையெழுத்து வாங்கினார். சுற்றுவட்டாரக் கடைகளில் இருந்ததையும் சேர்த்துப் பெட்டி கட்டி அனுப்பிவிட்டார்கள்.

அந்த வாரமே சுகன்யா ஓடிவந்தாள். நாளை மறுநாள் முகூர்த்தம். பியூட்டி பார்லரில் ஒத்திகை மேக்கப் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். செல்லில் படத்தைக் காட்டினாள். ஒன்பதாம் நம்பரில் முகம் சாம்பல் பூத்திருந்தது. அக்காவின் ஆல்பமேதான். பதினொன்று தாருங்கள் என்றாள். எனக்குத் தெரிந்த கவுன்ட்டர்களுக்கெல்லாம் போன் போட்டேன். எங்கும் இல்லை. ஆன்லைனில் வர நாலு நாள் ஆகும். ஏன் இல்லை என்று கேட்டாள். யாரும் கேட்கவில்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்றேன். அவள் சத்தம் போடவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னையே பார்த்தாள்.

“நான் கேட்டனுங்களே அக்கா.”

எங்கள் கம்பெனியின் அறிக்கைப்படி கோயமுத்தூர்ப் பக்கம் கறுப்பாக ஒருத்திகூடக் கிடையாது. அதைக் கையெழுத்துப் போட்டு உறுதி செய்தவள் நான்.