பாதி முடிந்துவிட்ட கடன்

வீட்டு உபயோகப் பொருள்கள் விற்கும் அந்த மூன்று மாடிக் கடையில் முதல் மாடி தவணை அண்ணனுடையது. அவருக்கு வேறு பெயர் ஒன்று உண்டு. சம்பளச் சீட்டில் மட்டும் அது வரும். எட்டு வயது மூத்த மேலாளர்கூட அவரை அண்ணன் என்றுதான் கூப்பிடுவார். அவருடைய மனைவியைக் கடையில் யாரும் பார்த்ததில்லை. ஆனாலும் அவர் அண்ணி.

பெயருக்குக் காரணம் அவர் விற்கும் விதம். ஃப்ரிட்ஜ் மேல் ஒட்டியிருக்கும் விலையைப் பார்த்து யாராவது ஒரு அடி பின்னால் போனால், அண்ணன் ஒரு அடி முன்னால் வருவார்.

"விலையை விடுங்க சார். அது கம்பெனிக்காரனோட கவலை. உங்க கவலை மாசம் எவ்வளவுங்கறது மட்டுந்தான். ரெண்டாயிரத்து நூறு. ஒரு நாளைக்கு எழுபது. எழுபதுக்கு இன்னைக்கு உருப்படியா என்ன சார் கிடைக்குது?"

இந்தக் கேள்வியோடு பலரும் ஃப்ரிட்ஜ் பக்கம் திரும்பிவிடுவார்கள். அபூர்வமாக ஒருவர் விரல்விட்டுப் பெருக்க ஆரம்பித்தால், அண்ணன் அவசரப்படமாட்டார். "கணக்கு எங்க ஓடிடப்போகுது? முதல்ல இந்தக் கதவை ஒரு தடவை சாத்திப் பாருங்க. சத்தம் வருதா?" சத்தம் வராது. பெருக்கிக்கொண்டிருந்த விரல்கள் கதவைத் திறந்து மறுபடி சாத்தும்போது கணக்கு விட்டுப்போகும். மொத்தத்தைச் சொல்லாமல் இருப்பதுதான் அந்த மாடியின் முழுச் சாமர்த்தியம். புதிதாக வேலைக்குச் சேர்கிறவர்களுக்கு அண்ணன் முதல் நாளே சொல்லிக்கொடுப்பது அதைத்தான்.

அவர் யாரையும் ஏமாற்றவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். தான் சொல்வதை அவரே முழுமனதாக நம்பினார். ஒரு விற்பனையாளருக்கு இதைவிட ஆபத்தான தகுதி கிடையாது.

பத்து வருடங்களுக்கு முன்பு, முப்பத்தெட்டு வயதில், இரண்டாம் மாடியில் இரண்டு அறை கொண்ட ஒரு வீட்டைப் பார்க்கப் போனபோது அதைக் கட்டி விற்பவரின் அலுவலகத்தில் ஒரு வங்கியின் ஆள் உட்கார்ந்திருந்தார். கடன் முப்பது லட்சம் என்றதும் அண்ணன் ஒரு அடி பின்னால் போனார். அந்த ஆள் ஒரு அடி முன்னால் வந்தார்.

"முப்பது லட்சத்தை விடுங்க சார். மாசம் இருபத்தெட்டாயிரம்தான்."

அண்ணனுக்கு ஒரே சந்தோஷம். ஒரு சமையல்காரர் இன்னொரு சமையல்காரர் கைப்பக்குவத்தை ரசிப்பதுபோல ரசித்துக்கொண்டு நின்றார். ரசித்துக்கொண்டே முழுவதையும் சாப்பிட்டுவிட்டார். வீட்டின் வாசல் கதவை ஒரு முறை சாத்திப் பார்த்தார். சத்தம் வரவில்லை.

வீட்டுக்கு வந்து, மகள் தூங்கிய பிறகு, மனைவியிடம் அதையே விற்றார். "இப்ப வாடகை பதினாலு குடுக்கறோம்ல. இன்னொரு பதினாலு சேத்தா வீடே நம்மளுது."

"அந்த இன்னொரு பதினாலு எங்கிருந்து வரும்?"

"நீ கொஞ்ச நாள் வேலைக்குப் போனா வரும்."

"கொஞ்ச நாள்னா?"

"இருபது வருஷக் கடன். நீ பாதி வரைக்கும் வந்தாப் போதும். பத்து வருஷம். அப்புறம் நீ கால் மேல கால் போட்டு உக்காரு, மிச்சத்த நான் இழுத்துக்கறேன்."

இப்படித்தான் அண்ணி ஒரு பெரிய மருத்துவமனையின் சலவைப் பிரிவுக்கு வேலைக்குப் போனார். தரைக்குக் கீழே, ஜன்னல் இல்லாத நீளக் கூடம். ஈரமான படுக்கை விரிப்பை ஆளுக்கொரு முனையாக இரண்டு பேர் பிடித்து, தலைக்கு மேல் தூக்கி உதறி, நீராவியில் கொதிக்கும் உருளைக்குள் கொடுக்க வேண்டும். மறுபுறம் அது வெந்து காய்ந்து வரும். நோயாளிகள் குறைகிற நாள் என்று ஒன்று மருத்துவமனையில் இல்லாததால் விரிப்புகளும் குறைவதில்லை. காலையில் இருட்டோடு போய் இருட்டோடு வருவார். வார விடுமுறையின் மதியம், ஜன்னலைச் சாத்தி, திரையை இழுத்துவிட்டுத் தூங்குவதற்கானது. சொந்த வீட்டில் இருப்பதற்காக வாங்கிய வீட்டில் இருக்க அவருக்கு நேரமில்லை.

அண்ணியின் தம்பி, கார்களுக்கு மின்வேலை பார்ப்பவர், வாடகை வீட்டிலேயே இருந்தார். பத்து வருடத்தில் நான்கு வீடு மாறிவிட்டார். ஒவ்வொரு முறை சாமான் ஏற்றும்போதும் அண்ணன் அனுதாபத்தோடு போய் நிற்பார். "மச்சான், வாடகைங்கறது ஊதாரித்தனம்டா. போன காசு போனதுதான்." தம்பி பீரோவின் ஒரு பக்கத்தைத் தூக்கிக்கொண்டே, "அந்தப் பக்கத்தைக் கொஞ்சம் பிடிச்சுக்கிட்டே புத்தி சொல்லுங்க மாமா" என்பார்.

பத்தாவது வருடம் அண்ணியின் வலது தோள் காதுக்கு மேல் ஏற மறுத்தது. சீப்பைத் தலைக்குக் கொண்டுபோவதை விட்டுவிட்டு, தலையைச் சீப்புக்குக் கொண்டுவரப் பழகினார். மருத்துவர், கையை மேலே தூக்குகிற வேலை கூடவே கூடாது என்றார். "அப்ப கீழயே இருக்கற விரிப்பா பாத்து எழுதிக் குடுங்க டாக்டர்" என்று கேட்டுவிட்டு வந்தார். அதற்காக அவர் பெரிதாகக் கவலைப்படவில்லை. சொன்ன பத்து வருடம் அந்த மாதத்தோடு முடிந்தது. மாதக் கடைசியோடு நின்றுகொள்வதாக மேற்பார்வையாளரிடம் கடிதமும் கொடுத்துவிட்டார்.

அண்ணனிடம் திட்டம் இருந்தது. கடன் பாதி முடிந்துவிட்டது. அதாவது பாக்கி பதினைந்து லட்சம். அதைப் புதிதாக இருபது வருடத்துக்குப் பரப்பிக் கேட்டால் மாதம் பதினாலாயிரத்துக்குள் வரும். அது அவர் ஒருவர் சம்பளத்துக்குள் அடங்கும். கடையில் தவணை போடுகிற கருவியிலேயே அடித்துப் பார்த்தார். கணக்கில் ஒரு பிழையும் இல்லை, அந்தப் பதினைந்து லட்சத்தையும் அவருடைய வயதையும் தவிர.

வங்கியில் கடன் பிரிவில் இருந்த இளம்பெண் அவரைப் பார்த்ததும் எழுந்தே விட்டார். "அண்ணா, நீங்கதானே எங்க வீட்டுக்கு வாஷிங் மெஷின் குடுத்தீங்க? போன மாசந்தான் தவணை முடிஞ்சுது."

"நல்லா ஓடுதாம்மா?"

"முடிஞ்ச மறுநாள் நின்னுடுச்சுண்ணா." சொல்லிவிட்டுச் சிரித்தார். அண்ணனும் சிரித்தார். பிறகு வந்த விஷயத்தைச் சொன்னார். அந்தப் பெண் கணினித் திரையைப் பார்த்தார், அண்ணனைப் பார்த்தார், மறுபடி திரையைப் பார்த்தார்.

"பதினஞ்சுன்னு யாருண்ணா சொன்னா? இருபத்து மூணரைக்கு மேல இருக்கு."

"நான் முப்பத்து மூணு லட்சத்துக்கு மேல கட்டியிருக்கேம்மா. வாங்கினதே முப்பதுதான்."

"கட்டியிருக்கீங்க. ஆனா வட்டி எடுத்துக்கிட்டு மிச்சம் இருந்தாத்தானே அசல் குறையும்? நீங்க கட்டின மொத மாச இருபத்தெட்டாயிரத்துல அசலுக்குப் போனது நாலாயிரத்துச் சொச்சம்தான். அது மெதுவா ஏறி ஆறாயிரம் வரைக்கும் வந்துச்சு. அப்பத்தான் வட்டி விகிதம் ஏறுச்சு. மறுபடி நாலுக்கு இறங்கிடுச்சு."

"வட்டி ஏறினதை எனக்கு யாரும் சொல்லலையே?"

"செய்தி வந்திருக்குமேண்ணா."

வந்திருந்தது. அண்ணனுக்கு நினைவிருக்கிறது. 'உங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை' என்ற வரியைப் படித்து, எவ்வளவு நல்ல வங்கி என்று மனைவியிடம் பெருமைப்பட்டிருக்கிறார். தவணை ஏறாததால் காலம் ஏறியிருந்தது. பாக்கி இருப்பது பத்து வருடமல்ல, கிட்டத்தட்ட பதிமூன்று. கடை அவரை ஐம்பத்தெட்டில் வீட்டுக்கு அனுப்பும். வங்கி அறுபத்தொன்றில்தான் விடும். அதனாலேயே இன்னும் நீட்டித்துத் தரவும் முடியாது.

"கடைசியில மொத்தம் எவ்வளவும்மா கட்டியிருப்பேன்?" என்று கேட்டார். வாழ்நாளில் அவர் யாரையும் கேட்டிராத கேள்வி.

"மொத்தத்தை எதுக்குண்ணா பாக்கறீங்க? மாசம்தான் மாறலையே" என்றார் அந்தப் பெண், உண்மையான பரிவோடு. பிறகு அவர் முகத்தைப் பார்த்து மெதுவாகச் சொன்னார். "எழுபத்தாறு, எழுபத்தேழு லட்சம் வரும்."

அண்ணன் வீட்டுக்கு நடந்தே வந்தார். பேருந்தில் உட்கார்ந்து வருவதற்குப் பொறுமை இல்லை. வீடு சீக்கிரம் வந்துவிடும் என்ற பயமும் இருந்தது.

அண்ணி சமையலறையில் இடது கையால் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். "சரின்னுட்டாங்களா?"

"மாசத் தவணையில ஒண்ணும் மாத்தம் இல்லையாம்" என்று ஆரம்பித்தார் அண்ணன். "யோசிச்சுப் பாத்தா ஒரு நாளைக்கு..."

"என்னங்க, எங்கிட்டயே ஃப்ரிட்ஜ் விக்கறீங்களா?" அண்ணி குழாயை மூடினார். "பாக்கி எவ்வளவு?"

சொன்னார். எத்தனை வருடம் என்பதையும் சொன்னார். எழுபத்தாறையும் சொல்லிவிட்டார். அண்ணி ஈரக்கையைத் துடைக்காமல் நின்றார்.

"அப்ப நான் பத்து வருஷமா கொண்டாந்து குடுத்த பதினாலு?"

"வட்டிக்குப் போயிருக்கு."

"மொத்தமுமா?"

"உன் பதினாலும் போயிருக்கு, என் பதினாலுல பாதிக்கு மேலயும் போயிருக்கு."

"உங்களுக்குக் கொஞ்சம் மிச்சம் இருந்திருக்கு. பரவால்ல." அந்தக் குரலில் விளையாட்டு இல்லை. "கதவு சத்தம் போடலைன்னு வந்து சொன்னீங்க. ஞாபகம் இருக்கா? கதவைப் பத்தி நான் கேக்கவே இல்ல."

"வித்துடலாமா?" என்றார் அண்ணன். "கடனை அடைச்சது போக ஒரு தொகை நிக்கும்."

"அத வச்சு?"

"வேற வீட்டுக்கு முன்பணம் கட்டலாம்."

அண்ணி அவரைப் பார்த்த பார்வையில் அந்தப் பேச்சு அதோடு நின்றது. பல வருடப் பழக்கம், வாய் தானாக விற்கிறது.

திங்கட்கிழமை கடிதத்தைத் திரும்ப வாங்கிவிடுவதாகச் சொல்லிவிட்டு அண்ணி வேலைக்குப் போனார். மேற்பார்வையாளர் உடனே சம்மதித்தார். அந்த உருளைக்கு ஆள் கிடைப்பது கஷ்டம். சாயங்காலம் வந்து கையெழுத்துப் போடச் சொன்னார். அன்று மூன்று விரிப்புகள் அண்ணியின் கையிலிருந்து நழுவின. எதிர்முனையைப் பிடித்திருந்தவள், "என்னக்கா, வீட்டு நெனப்பா?" என்று கேட்டாள். நான்காவதை அவராகவே விட்டார்.

"கையெழுத்துப் போடல" என்று வீட்டுக்கு வந்து சொன்னார். "மாசக் கடைசி வரைக்கும் மடிக்கிற மேசையில விட்டிருக்காங்க. அதோட நின்னுக்கறேன்."

"அப்ப வீடு?"

"பத்து வருஷம் அதுக்காக நான் போனேன்ல. இனிமே அது போகட்டும் வேலைக்கு. வாடகைக்கு விடுங்க."

அண்ணன் இரண்டு நாள் கணக்குப் போட்டார். இந்த முறை மொத்தத்திலிருந்து ஆரம்பித்தார். வீட்டுக்குப் பதினேழு வாடகை வரும். ஒற்றை அறையாக எட்டாயிரத்துக்கு ஒன்று பார்த்துக்கொண்டு போய்விட்டால், மிச்சத்தை அவர் சம்பளம் மூச்சுத் திணறித் தாங்கும். விடுதியில் தங்கிப் படிக்கிற மகள் விடுமுறைக்கு வந்தால் எங்கே படுப்பாள் என்பதற்கு மட்டும் கணக்கில் இடம் கிடைக்கவில்லை. ஐம்பத்தெட்டுக்குப் பிறகு வருகிற மூன்று வருடத்துக்கும் கிடைக்கவில்லை. சொந்த வீட்டை விட்டுப் போனால்தான் சொந்த வீடு மிஞ்சும் என்பது கணக்கின் முடிவு.

ஒற்றை அறை வீட்டை அண்ணியின் தம்பிதான் பார்த்துக்கொடுத்தார். "கடைசியில எங்க கட்சிக்கே வந்துட்டீங்களா மாமா? சாமான் ஏத்தற அன்னைக்குச் சொல்லுங்க, நானும் வந்து புத்தி சொல்றேன்." வழக்கமாகச் சிரிக்கிற இடம். அண்ணன் சிரிக்காததைப் பார்த்துத் தம்பியும் நிறுத்திக்கொண்டார்.

மாதத்தின் கடைசி நாள், அண்ணி வேலையை முடித்துக்கொண்டு வந்த மாலையில், வீடு பார்க்க ஒரு தம்பதி வந்தார்கள். கணவர் சுவரைத் தட்டிப் பார்த்தார், குழாயைத் திறந்து பார்த்தார், வாசல் கதவையும் ஒரு முறை சாத்திப் பார்த்தார். அண்ணன் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். கையில் குழந்தையோடு இருந்த மனைவி கூடத்து ஜன்னலைக் காட்டிக் கேட்டார்.

"மத்தியானத்துல இந்தப் பக்கம் வெயில் வருமாக்கா?"

அண்ணி அண்ணனைப் பார்த்தார். அண்ணன் அண்ணியைப் பார்த்தார். ஜன்னல் மேற்குப் பக்கமா, வடக்குப் பக்கமா என்பதே இருவருக்கும் சட்டென்று வரவில்லை.

"நாளைக்குப் பாத்துச் சொல்றேம்மா" என்றார் அண்ணி.

மறுநாள் அண்ணன் கடைக்குப் போன பிறகு, அண்ணி பாதி கட்டிய பெட்டிகளுக்கு நடுவில் ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். திரையைக் கழற்றி ஏற்கெனவே மடித்து வைத்தாயிற்று. இரண்டு மணி வாக்கில் ஜன்னல் விளிம்பில் ஒரு மஞ்சள் கோடு விழுந்தது. அது தரையில் இறங்கி, பெட்டிகளைத் தாண்டி, நாற்காலிக் காலைத் தொட்டு, அவர் மடிக்கு ஏறி, வலது தோளுக்கு வந்தது. இதமான சூடு. யாரும் உதறச் சொல்லாத சூடு. அவர் கையைத் தூக்கவில்லை; தூக்கத் தேவையும் இருக்கவில்லை. கூடம் முழுவதும் வெளிச்சமாக இருந்தது. இப்படி ஒரு கூடம் தன்னிடம் இருப்பது அவருக்குத் தெரியாது.

தொலைபேசி அடித்தது. நேற்று வந்த பெண்ணின் கணவர்.

"வெயில் வருதுங்களா?"

"வருது. ரெண்டு மணியிலிருந்து. சாயங்காலம் வரைக்கும் இருக்கும் போல."

"அப்ப கூடம் சூடாயிடுமே. வாடகையில ஏதாவது பாத்துக் குறைப்பீங்களா?"

"ஐந்நூறு குறைச்சுக்கலாம்" என்றார் அண்ணி, வெயிலிலிருந்து நாற்காலியை நகர்த்தாமல்.