கொள்ளிடத்தில் குதித்தவள்

கொள்ளிடத்தில் ஓடம் தள்ளும் வீரையனின் மகள் காளியம்மாளுக்கு நடிப்பென்றால் உயிர். குரல்தான் வாய்க்கவில்லை. சீர்காழிக்கு வந்த நாடகக் கம்பெனியில் வேஷம் கேட்டுப் போனாள். பாடச் சொன்னார்கள், முதல் அடியிலேயே நிறுத்தச் சொன்னார்கள். "தகரத்தைத் தரையில இழுத்த மாதிரி இருக்கு" என்று ஆர்மோனியக்காரர் சிரித்தார்.

அது ஊமைப்படக் காலம். சீர்காழியில் போட்ட சினிமாக் கூடாரத்தில் வெள்ளைத் துணியின்மேல் மனிதர்கள் ஓடினார்கள், அழுதார்கள். ஒருவர் வாயிலிருந்தும் சத்தம் வரவில்லை. பக்கத்தில் ஒருவர் நின்று கதையை உரக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். முதல் தடவை பார்த்த அன்றே காளியம்மாள் முடிவுகட்டிவிட்டாள். இங்கே பாட வேண்டியதில்லை. அதன்பிறகு ஓடத்தில் தனியாக நின்று, எதிரே ஆள் இருப்பதுபோல முறைப்பாள், கண்கலங்குவாள். "வீரையா, பொண்ணுக்கு வேப்பிலை அடிச்சியா?" என்பார்கள் அக்கரைக்குப் போகிறவர்கள்.

ஓர் ஆடி மாதம் பட்டணத்துப் படக் கம்பெனி ஒன்று கொள்ளிடக் கரைக்கு வந்தது. கதைப்படி இளவரசி ரகசிய ஓலையோடு வெள்ளத்தில் குதித்து அக்கரை சேர வேண்டும். நுரைத்து வந்த தண்ணீரைப் பார்த்ததும் கதாநாயகி கரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

டைரக்டர் வீரையனிடம், "நீச்சல் தெரிஞ்ச பொண்ணு யாராச்சும் உண்டா? இவங்க சேலையைக் கட்டி, முதுகைக் காட்டிக் குதிச்சாப் போதும்" என்றார்.

"நான் குதிக்கிறேங்க" என்றாள் காளியம்மாள். "ஆனா முகத்தைக் காட்டித்தான் குதிப்பேன்."

"அது எப்படிம்மா? இளவரசி அவங்கதானே?"

"இளவரசி எதுக்குங்க குதிக்கணும்? அவங்க சொன்னா தோழி குதிக்க மாட்டாளா?"

"சும்மா இரு புள்ள" என்று பதறினார் வீரையன். டைரக்டர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். வெள்ளமோ ஏறிக்கொண்டே இருந்தது. அந்த இடத்திலேயே கதையில் ஒரு தோழி முளைத்தாள்.

காளியம்மாள் ஓலையை இடுப்பில் செருகினாள். இளவரசியை ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அந்தப் பார்வையில் கதாநாயகிக்கே கண் நிறைந்தது. பிறகு குதித்தாள். சுழல் இழுத்துப்போய், வெகுதூரம் தள்ளி நாணலைப் பிடித்துக் கரையேறினாள். மூச்சு வாங்க அவள் கேட்ட முதல் கேள்வி: "முகம் படத்துல விழுந்துச்சாங்க?"

தை அறுப்பு முடிந்ததும் படம் சீர்காழிக்கு வந்தது. காளியம்மாள் அப்பாவோடு மணல் தரையில் உட்கார்ந்தாள். கூடார உயரத்துக்கு அவள் முகம் எழுந்தது. அவள் குதித்தபோது ஜனம் எழுந்தே நின்றுவிட்டது.

"இதோ, இளவரசியின் தோழி!" என்று முழங்கினார் கதை சொல்கிறவர்.

"தோழி இல்லைங்க!" வீரையன் தொண்டை கிழியக் கத்தினார். "எம்மவ காளியம்மா!"

மறுநாள் ஆட்டத்திலிருந்து, "கொள்ளிடத்துக் காளியம்மாள் குதிக்கிறாள், பாருங்கள்!" என்றே சொன்னார் கதை சொல்கிறவர்.

மேலும் இரண்டு படங்களில் நடித்தாள். பிறகு பேசும்படம் வந்தது. கம்பெனி அவளைக் கூப்பிடவில்லை. சில நாள் அழுதாள். ஆனால் நடித்ததற்காக யாரிடமும் தலைகுனியவில்லை. பெண் பார்க்க வந்த இடத்தில் மாப்பிள்ளையின் தாயார், "சினிமாவுல ஆடுன பொண்ணாமே..." என்று இழுத்தபோது, காளியம்மாளே முன்னால் வந்து நின்றாள்.

"ஆமாங்க, மூணு படம். நீங்க ஒண்ணுகூடப் பார்க்கலையா?"