ஏழுமலையின் பிரிஜ்

யட்டியாந்தோட்டைக்கு மேலே உள்ள ஒரு றப்பர் தோட்டத்தில், ஏழுமலைக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது, ஆற்றுத் தண்ணீரில் ஓடும் டைனமோ வந்தது. "இனிமே எல்லாமே கரண்ட்தான். லயத்துக்கும் வரும், ஐஸ் பெட்டியும் வரும்" என்று துரை சொன்னதைக் கங்காணி தமிழில் சொன்னார். ஏழுமலை நம்பினார். படிப்பை விட்டுவிட்டு டைனமோவுக்கு எண்ணெய் போடும் வேலையில் சேர்ந்தார்.

பெக்டரிக்கும் பங்களாவுக்கும் வெளிச்சம் கிடைத்தது. தொழிலாளர்கள் குடியிருந்த லயத்துக்கு வரவில்லை. மகள் கலைச்செல்வி மண்ணெண்ணெய் விளக்கில்தான் படித்தாள். நாற்பது வருடம் கரண்ட் வேலை பார்த்து அவர் ஓய்வு பெற்ற பிறகுதான் லயத்தின் ஒற்றை அறைக் காம்பராக்கள் சிலவற்றுக்கு மீட்டர் பொருத்தினார்கள். அதற்குத் தோட்ட ஆபீசின் அனுமதிக் கடிதம் வேண்டும்; அவருடையதற்கு அது கிடைக்கவில்லை.

மனைவி கருப்பாயிக்குச் சர்க்கரை வியாதி. ஒரு காலை எடுத்துவிட்டார்கள். தகரக்கூரைச் சூட்டில் இன்சுலின் கெட்டுப்போகிறது என்று கலைச்செல்வி கொழும்பிலிருந்து பழைய பிரிஜ் ஒன்றை அனுப்பினாள். பக்கத்துக் காம்பரா யோகராஜின் மீட்டரிலிருந்து ஏழுமலையே வயர் இழுத்தார். பிரிஜ் உறுமியதும் கருப்பாயி கதவைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தாள்.

"வயரு மெல்லிசா இருக்கே, மாமா" என்றார் யோகராஜ்.

"தெரியும்பா. அடுத்த வாரம் மாத்திர்றேன்."

மூன்று மாதமாகியும் மாற்றவில்லை.

போன பங்குனியில், நண்பகலில், அவர் மலைத் தண்ணீர் விழும் பீலியில் குளித்துக்கொண்டிருந்தபோது லயத்துப் பக்கம் புகை தெரிந்தது. ஈரத்துணியோடு ஓடினார். நான்கு பேர் அவரைப் பிடித்து நிறுத்தினார்கள். உள்ளே கருப்பாயி அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். நாற்பத்தெட்டு வருடத்தில் அவள் அவர் பெயரைச் சொன்னது அன்றுதான். ஆறு காம்பராக்கள் எரிந்தன.

இப்போது எல்லோரும் தற்காலிகத் தகரக் கொட்டகைகளில் இருக்கிறார்கள். கொழும்புக்கு வரச்சொல்லி மகள் கூப்பிட்டாள். அவர் போகவில்லை. வீடிழந்த யோகராஜே தினமும் அவருக்குச் சோறு கொண்டுவருகிறார். நேற்றும் அது தொடாமல் கிடந்தது.

"சாப்புடுங்க மாமா. ஒங்கள யாரும் ஒண்ணும் சொல்லலியே."

"சொல்லுங்கப்பா," என்றார் ஏழுமலை. "யாராச்சும் ஒருத்தராவது சொல்லுங்க."

யோகராஜ் தட்டை அவர் பக்கம் நகர்த்திவிட்டு, எதிரே உட்கார்ந்தார்.