கேமராவுக்குத் தெரியாத நீலம்

1912ஆம் ஆண்டு அக்டோபரில், மழை தூறிய ஒரு திங்கட்கிழமை காலையில், அல்வீனே ரூப்சாம் கெர்லிட்ஸிலிருந்து பெர்லினுக்கு ரயிலேறினாள். ஊர் நாடக மேடையில் பேர் வாங்கியவள். அவளுடைய நீலக் கண்களைப் பார்க்கவென்றே முன்வரிசைக்கு அடித்துப்பிடித்து வருகிறவர்கள் இருந்தார்கள்.

வழியனுப்ப வந்த அக்கா மார்த்தா, வெண்ணெய் ரொட்டிப் பொட்டலத்தைச் சன்னல் வழியே திணித்தாள். “ஊமைப் படத்துல போய் என்னடி பண்ணப்போற? உனக்கு வாயை மூடவே தெரியாதே!”

“அதான் கண்ணு இருக்கே, அக்கா. அது பேசிக்கும்.”

ஃப்ரீட்ரிக் தெருவில் ஒரு கட்டடத்தின் மொட்டை மாடியில், கூரையும் சுவரும் கண்ணாடியாலான ஸ்டுடியோ. வெயில் இருக்கும்வரைதான் படப்பிடிப்பு. முதல் நாள், மேடைப் பழக்கத்தில் கன்னம் நிறையச் சிவப்பை அப்பிக்கொண்டு போய் நின்றாள். மறுநாள் திரையில் பார்த்தால் கன்னங்கள் கரி பூசியதுபோல் இருந்தன. எல்லோரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள், தன் கண்களைப் பார்க்கும்வரை. நீலம் முழுக்க வெளுத்து, நடுவில் இரண்டு புள்ளிகள் மட்டும் மிதந்தன.

கேமராக்காரர் புருனோ விட்சாக் தலையைச் சொறிந்தார். “இந்த ஃபிலிம் சிவப்பைக் கறுப்பாக்கும், நீலத்தை வெளுத்துடும், பொண்ணே. கன்னத்தைக் கழுவிடலாம். கண்ணை என்ன பண்றது?”

“ஒண்ணும் பண்ண வேண்டாம்யா!” என்று துள்ளினார் டைரக்டர். “பார்வையில்லாத பொண்ணு வேஷத்துக்குத்தான் ஆள் தேடிட்டிருக்கேன்.”

படம் நன்றாக ஓடியது. அதன்பின் பார்வையற்ற பூக்காரி, பார்வையற்ற இளவரசி, நடுவில் இரண்டு பேய். ஒருமுறை தெருவில், அவள் படத்தைப் பார்த்திருந்த ஒரு பெரியவர் அவள் முழங்கையைப் பிடித்தார்.

“பார்த்துப் போம்மா, நான் தெருவைத் தாண்டி விடறேன்.”

“உங்களுக்குப் பின்னால குதிரை வண்டி வருது, ஐயா. முதல்ல நீங்க தள்ளி நில்லுங்க!”

சிரித்தாலும் அவளுக்கு ஒரே ஒரு ஆசைதான்: ஒரு படத்திலாவது கண் தெரிகிற பெண்ணாக நடிக்க வேண்டும். அவளுக்காக விட்சாக் கேமராவைச் சுற்றிக் கறுப்பு வெல்வெட் துணியைத் தொங்கவிட்டார். அந்த இருட்டைப் பார்த்ததும் அவள் கருமணிகள் விரிந்தன. திரையில் முதல்முறையாக அவளுடைய பார்வை தெரிந்தது. ஆனால் மேகம் விலகி வெயில் கண்ணில் விழுந்ததும், பழையபடி வெளுப்பு.

“நாள் முழுக்க மேகத்துக்குக் காவல் இருக்கச் சொல்றியா?” என்று டைரக்டர் துணியைப் பிடுங்கிப் போட்டார்.

இருந்தாலும் அந்தச் சில நொடிகளை அல்வீனே திரையில் பார்த்துவிட்டாளே! இனி யார் முடியாது என்றாலும் நம்புவதாக இல்லை. போர் வந்தது, போனது. விட்சாக் மியூனிக்கில் வேலைக்குச் சேர்ந்தார். வேஷங்கள் குறைந்தன. மார்த்தா ஊருக்குக் கூப்பிட்டபோதும் அவள் போகவில்லை. துணை நடிகர்கள் வேலைக்குக் காத்திருக்கும் காபிக் கடையில் தினமும் போய் உட்கார்ந்தாள். புதிய டைரக்டர் யார் வந்தாலும் எழுந்து போய், “பார்க்கிற பொண்ணு வேஷம் இருந்தா சொல்லுங்க” என்று கேட்டாள்.

1926ஆம் ஆண்டு வசந்தத்தில் ஒருநாள், அந்தக் காபிக் கடைக்கே அவள் பெயருக்குத் தந்தி வந்தது.

“நீலம் பதியும் ஃபிலிம் வந்துவிட்டது. தையல்காரி வேஷம். ஊசியில் நூல் கோக்க வேண்டும். திரை நிறைய உன் முகம். வியாழன் மியூனிக் வா. விட்சாக்.”